இரண்டு சொட்டு

பாபநாசம் கடைத்தெரு,
செல்போன் கடைக்கு மேல்மாடி.
கண்ணாடிப் பலகையில் வெள்ளைப் பொடியைக் கொட்டி
இரண்டு சொட்டு யூஜினால் விட்டு
தட்டைக் கரண்டியால் தேய்ப்பது என் வேலை.
இழுத்தால் நூலாக வர வேண்டும்,
உருட்டினால் விரலில் ஒட்டக் கூடாது.
டாக்டர் ஹமீதா திரும்பாமலே கை நீட்டுவார்.
சொத்தைக் குழிக்குள் போய்
அது மெதுவாக இறுகும்.

மாதக் கடைசியில் இருப்பு நோட்டு.
'பொருள்' என்ற கட்டத்தில் யூஜினால் என்று எழுதுவேன்.
பொருள் எனக்குத் தெரியாது.
எங்கோ ஓர் இளவரசனின் பெயரை மரத்துக்கு வைத்து
மரத்தின் பெயரை எண்ணெய்க்கு வைத்தார்களாம்,
டாக்டர் ஒருநாள் சொன்னார்.
வருகிறவர்கள் கன்னத்தைப் பிடித்துக்கொண்டு
"அந்தக் கிராம்புத் தைலத்த வைங்கம்மா" என்பார்கள்.
இளவரசனை யாரும் கேட்பதில்லை.

நேற்று வந்தவர் சிங்காரவடிவேல்,
ராஜகிரியில் கொடிக்கால்.
கவுளி கட்டிக் கட்டிக்
கட்டைவிரல் நகம் பச்சையாகவே இருந்தது.
மருந்தை வைத்ததும் மூக்கை உறிஞ்சினார்.
"இது எங்க கொடிக்கால் வாசமாச்சே.
வெடியக்காலம் கொழுந்து கிள்ளுனா இதான் அடிக்கும்."
வெற்றிலையிலும் இந்தச் சரக்கு உண்டு என்றார் டாக்டர்.
"அப்ப நாப்பது வருசமா போடுறேனே,
பல்லு ஏன் போச்சு?"
"வாயத் திறங்க."

ஏழேகால் பஸ்.
சோப்புப் போட்டு மூன்று தரம் கழுவிய கை
மேல்கம்பியைப் பிடித்திருந்தது.
பண்டாரவாடையில் ஏறிய பிள்ளை
அம்மாவின் இடுப்பிலிருந்து என் விரலை முகர்ந்து
"ஊசி! ஊசி!" என்று அலறினான்.
"ஊசி இல்லடா, யாரோ பிரியாணி கொண்டுபோறாங்க."
பின்சீட்டுக்காரர் அதை ஒப்புக்கொள்ளவில்லை,
பீடாதான் என்றார்,
மச்சினன் கல்யாணத்தில் பதினாறு பீடா தின்ற கதையைத்
தஞ்சாவூர் வரைக்கும் போதுமான நீளத்தில் தொடங்கினார்.
கதவோரம் நின்ற ஒருத்தி மட்டும்
முந்தானையால் மூக்கை மூடிக்கொண்டாள்.
அவளுக்கு அது என்னவோ. கேட்கவில்லை.
எனக்கு ஒன்றுமே தெரியவில்லை.
பதினோரு வருஷமாகத் தெரிவதில்லை.

பசுபதிகோவிலில் இறங்கி வீட்டுக்குப் போனால்
கலைமாறன் விளக்குப் போடாமல் உட்கார்ந்திருந்தார்.
அவருக்கு மீன்குஞ்சுப் பண்ணையில் வேலை.
தாய்மீனைத் தொட்டியில் விட்டு
அதே தைலத்தைத்தான் தண்ணீரில் கலப்பார்.
செவுள் அடிப்பு குறையக் குறைய எண்ணுவார்,
துள்ளல் நின்றதும் வயிற்றை நீவினால்
முட்டை ரவைபோல் வழியும்.
பிறகு நல்ல தண்ணீரில் விட்டால் எழுந்துவிடும்.
கொஞ்சம் கூடிப்போனால் எழாது.
"ஆறு கிலோ கட்லா" என்றார்.
"மீனுக்கு இமை கிடையாது பாரு,
தூங்குதா போயிருச்சான்னு
கண்ணப் பாத்துத் தெரியல.
ரொம்ப நேரம் தண்ணிய ஆட்டிக்கிட்டே இருந்தேன்."

அவர் கையை எடுத்து மூக்கருகே வைத்தேன்.
ஒன்றும் இல்லை.
என் கையை அவர் முகர்ந்தார்.
அவருக்கும் இல்லை.
ஒரே வாசனைக்குள் குடியிருக்கும் இரண்டு பேர்
சோறு போட்டுக்கொண்டோம்.
பக்கத்து வீட்டுக்காரி வாசலில் நின்று
"என்ன, இன்னிக்கி விசேஷமா?" என்று கேட்டுவிட்டுப் போனாள்.

காலையில் கிளினிக் திறக்கும் முன்பே போன்.
சிங்காரவடிவேல்.
"வலி சுத்தமா இல்லம்மா. நல்லா தூங்குனேன்.
ஆனா ஒண்ணு.
இப்ப கொடிக்கால்லதான் நிக்கிறேன்.
கொழுந்து கிள்ளுனா
ஒங்க நாற்காலிதான் ஞாபகம் வருது.
அந்த வெளக்கு, கிர்ருன்னு அந்த மெஷினு.
எங்க வாசம் எங்க போச்சு?"

என்ன சொல்வது.
நோட்டைப் புரட்டி
அவர் பெயருக்கு நேரே எழுதியிருந்ததை வாசித்தேன்:
தற்காலிகப் பூச்சு.
"அது கொஞ்ச நாளைக்குத்தான் ஐயா" என்றேன்.
"வர்ற வியாழக்கிழமை வாங்க,
எடுத்துடலாம்."